பதினேழாம் பக்கம்

சக்குபள்ளம்
24 நவம்பர் 2025

அன்புள்ள அழகுத்தாய் அக்காவுக்கு,

ஆர்த்தி எழுதுகிறேன். உங்கள் போன் பத்து நாளாக அணைந்து கிடக்கிறது. மகள் சிவசங்கரிக்கு டி.சி. வாங்கியபோது நீங்கள் கொடுத்த விலாசத்தைப் பள்ளி டீச்சரிடம் கெஞ்சி வாங்கினேன். ‘கோபாலபுரம், மாரப்பன் தோட்டம்’ என்று மட்டும் இருக்கிறது. இது உங்கள் கைக்கு வருமா என்றுகூடத் தெரியவில்லை.

நம் நிறுவனத்தின் புத்தக விழா முடிந்த மூன்றாம் நாள் காலையில் ஆபீஸைத் திறக்க வந்தேன். வாசல் கம்பியில் உங்கள் மூன்று ஆடுகளும் கட்டியிருந்தன. பக்கத்தில் ஒரு கட்டுத் தழை. மேடையில் உங்களுக்குப் போர்த்திய சால்வையை மடித்து ஜன்னலில் வைத்திருந்தீர்கள். அப்படியே வீட்டுக்கு ஓடினேன். கதவு சும்மா சாத்தியிருந்தது. அடுப்பைத் துடைத்துவிட்டுப் போயிருக்கிறீர்கள். நிறுவனம் கொடுத்த கட்டில், பாத்திரம், தையல் மிஷின் எல்லாம் வைத்த இடத்தில் இருந்தன. வாடகைக்கு இருந்தவர்கள் காலி செய்துவிட்டுப் போன மாதிரி இருந்தது.

உங்கள் கோபம் எனக்குப் புரிகிறது. எங்கள் ஆபீஸ் தலைவர்தான் என்றாலும் ரிஜின் சார் அந்தப் பக்கத்தை மேடையில் வாசித்திருக்கக் கூடாது. வறுமையிலிருந்து மீண்டு வந்த நாற்பது குடும்பங்களைப் பற்றிப் புத்தகம் போட்டார்கள், அதில் பதினேழாம் பக்கம் உங்களுடையது. கொச்சியிலிருந்து வந்த விருந்தாளிகளுக்காக அதை மைக்கில் வாசித்துவிட்டார். ஆபீஸில் ஒரு காகிதம் பல கை மாறிப் போகிறது அக்கா. யார் எதைச் சேர்க்கிறார்கள் என்று எனக்கே தெரிவதில்லை. என்னைத் தப்பாக நினைக்காதீர்கள்.

ஒன்று மட்டும் சொல்ல வேண்டும். மார்ச் முடிவுக்குள் நீங்கள் வீட்டில் வந்து இருக்காவிட்டால் வேறு குடும்பத்துக்கு மாற்றிவிடுவார்கள். விதி அப்படி. நான்கு வருஷம் ஆபீஸ் ஆபீஸாக நீங்களும் நானும் ஏறி இறங்கிக் கிடைத்த வீடு அக்கா. ஒரு வார்த்தை எழுதுங்கள்.

உங்கள் ஆர்த்தி


கோபாலபுரம்
9 டிசம்பர் 2025

மதிப்பிற்குரிய ஆர்த்தி மேடத்துக்கு,

அழகுத்தாய் எழுதுவது. நான் அஞ்சாம் வகுப்பு வரை படித்தவள். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளவும்.

உங்கள் கடிதம் கிடைத்தது. தபால்காரர் தோட்டத்து முதலாளியம்மா மருதாத்தாளிடம் கொடுத்திருக்கிறார். அவர் அதைக் கையில் வைத்துக்கொண்டு, “ஏம்மிணி, ஊர்ல ஏதாச்சும் பிரச்சனையா? தபாலெல்லாம் வருது?” என்று கேட்டார். சொந்தக்காரப் பெண் எழுதியது என்று சொன்னேன். இங்கே நான் புருஷன் திருப்பூரில் வேலை பார்க்கும் பெண். மாட்டுக் கொட்டகையைக் கூட்டுகிறேன், தென்னை மட்டை பொறுக்குகிறேன். வேறு எதுவும் யாருக்கும் தெரியாது. தயவுசெய்து ‘நிறுவனம்’ என்று முத்திரை போட்ட கவரில் இனி அனுப்ப வேண்டாம்.

எனக்கு மலையாளம் புரியாது என்று நினைத்துவிட்டார்களோ? இருபது வருஷம் ஏலத்தோட்டத்தில் மலையாளத்தில் திட்டு வாங்கியவள் நான். என்னை மேடையில் நாற்காலி போட்டு உட்கார வைத்து, ரிஜின் சார் வாசித்ததில் ஒவ்வொரு சொல்லும் எனக்கு விளங்கியது. மழைக்காலத்தில் மூன்று நாள் பட்டினி. காய்ச்சலில் கிடந்த மகள் பசிக்கிறது என்று அழுதாள். பக்கத்துத் தோட்டத்தில் கப்பை, அதுதான் மரவள்ளிக்கிழங்கு, திருடி அவித்துக் கொடுத்த தாய் இதோ, இன்று சொந்த வீட்டில் இருக்கிறாள். கை தட்டினார்கள். எழுந்து கும்பிடச் சொன்னார்கள். நானும் எழுந்து கும்பிட்டேன். அதை நினைத்தால்தான் இப்போதும் உடம்பு கூசுகிறது. எழுந்து கும்பிட்டேனே.

பக்கத்துத் தோட்டம் யாருடையது என்று வாசிக்கவில்லை. ஆனால் என் வீட்டுக்குப் பக்கத்தில் ஒரே ஒரு தோட்டம்தான். அந்தத் தோட்டக்காரி பின்சி இரண்டாம் வரிசையில் உட்கார்ந்திருந்தாள். அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

சிவசங்கரி பள்ளி உடுப்பில் கடவுள் வாழ்த்துப் பாட வந்திருந்தாள். உங்களுக்குத் தெரியும். வீட்டுக்கு வந்து ஒரே ஒரு கேள்வி கேட்டாள். “நான் தின்னது களவுக் கிழங்கா?” அதற்குப் பிறகு என்னோடு பேச்சு இல்லை. மறுநாள் பள்ளியில் பிள்ளைகள் ‘கப்பை’ என்று கூப்பிட்டிருக்கிறார்கள். அதை அவள் சொல்லவில்லை. அவள் தோழியின் அம்மா சொல்லித்தான் தெரிந்தது.

வீட்டை யாருக்கு வேண்டுமானாலும் கொடுத்துக்கொள்ளுங்கள். இனி எழுத வேண்டாம்.

இப்படிக்கு
அழகுத்தாய்

வெள்ளாடு செனையாக இருக்கிறது. ஈரத் தழை போடக் கூடாது, வயிறு ஊதிவிடும்.


சக்குபள்ளம்
17 டிசம்பர் 2025

அன்புள்ள அக்காவுக்கு,

சாதாக் கவரில் அனுப்புகிறேன்.

எழுத வேண்டாம் என்றீர்கள். ஆட்டைப் பற்றி நீங்களே எழுதியிருந்ததால் பதில் போடத் துணிந்தேன். வெள்ளாடு ஞாயிற்றுக்கிழமை இரண்டு குட்டி போட்டது. இரண்டும் பெட்டை. ஆடுகள் இப்போது என் வீட்டுப் பின்கட்டில் இருக்கின்றன. என் வீட்டுக்காரர் ஜெகனுக்கு ஆட்டு வாடை பிடிக்காது. ஆனால் ஜீப் ஓட்டிவிட்டு வந்ததும் குட்டிகளைத்தான் முதலில் பார்க்கிறார்.

பின்சி சேச்சி என்னைத் தேடி வந்தார். வாசலில் நின்றபடியே அழுதார். “ஒரு வாக்கு கேட்டிருந்தா ஞான் தரமாட்டேனா? என்னைப் பார்த்தா அப்படிப்பட்டவளாவா தோணிச்சு?” என்றார். ஊரில் எல்லோரும் தன்னைக் கல் நெஞ்சுக்காரி என்று நினைக்கிறார்களாம். உங்களைத் திட்டவில்லை அக்கா. அதைச் சொல்லத்தான் எழுதினேன்.

ரிஜின் சாரிடம் நான் சண்டை போட்டேன். கேட்காமல் வாசித்தது தப்பு என்று சொன்னேன். வருத்தப்பட்டார். உங்களுக்கு நேரில் மன்னிப்புக் கடிதம் தரத் தயாராக இருக்கிறார். வீட்டுக்குத் திரும்பி வாருங்கள்.

ஆர்த்தி


கோபாலபுரம்
30 டிசம்பர் 2025

ஆர்த்தி,

மேடம் என்று எழுதிப் பார்த்தேன். இந்தக் கடிதத்துக்கு அது வரவில்லை.

பின்சி கேட்டதற்குப் பதில் சொல்கிறேன். கேட்டிருந்தால் கொடுத்திருப்பாள். எனக்குத் தெரியும். இரண்டு கிழங்கு இல்லை, ஒரு கூடை கொடுத்திருப்பாள். ஆனால் கேட்பதற்கு வாய் வர வேண்டுமே. அதற்கு முந்தின வாரம் அரிசி கேட்டிருந்தேன், அதற்கு முந்தின வாரம் மண்ணெண்ணெய். மூன்றாம் தடவை அவள் வாசல்வரை போனேன். உள்ளே சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார்கள். திரும்பி வந்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை அவர்கள் சர்ச்சுக்குப் போன நேரம் பார்த்துப் பிடுங்கினேன். எடுக்கும்போது கை நடுங்கவில்லை. கேட்கப் போனபோதுதான் நடுங்கியது. முடிந்தால் இதை அவளிடம் சொல். இல்லை, வேண்டாம். இதுவும் உன் வாயில் வர வேண்டாம்.

இப்போது உன் விஷயத்துக்கு வருகிறேன். ரிஜின் சார் வாசித்ததில் ஒன்று இருந்தது. கிழங்கைப் பிடுங்கிய பிறகு யாருக்கும் தெரியக் கூடாது என்று வெறும் தண்டைத் திரும்பக் குழியில் நட்டு, மண்ணை மிதித்துவிட்டு வந்தேன் என்று. அந்த வரியில்தான் கூட்டம் உச்சுக்கொட்டியது. நான்கு வருஷத்தில் அதை ஒரே ஒரு ஆளிடம்தான் சொல்லியிருக்கிறேன். சர்வே நோட்டை மூடி வைத்துவிட்டு, “இது எழுதுறதுக்கு இல்லக்கா, சும்மா சொல்லுங்க” என்று என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாயே, அன்றைக்கு. ரிஜின் சாருக்குத் தமிழ் வாசிக்க வராது. என் வீட்டுக்கு அவர் வந்ததும் இல்லை.

அந்தக் காகிதம் பல கை மாறிப் போனது என்கிறாய். முதல் கை யாருடையது?

அன்றைக்கு நீயும் ஒன்று சொன்னாய். நான் வாய் திறக்காமல் இருந்தேன் என்று உன் கதையை முதலில் சொன்னாய். அதைக் கேட்டுத்தான் எனக்குப் பேச்சு வந்தது. அதை நான் இங்கே எழுத மாட்டேன். கடிதத்தை வேறு யாராவது பிரிக்கலாம். இன்றுவரை யாரிடமும் சொன்னதில்லை, சிவசங்கரியிடம்கூட.

அழகுத்தாய்


சக்குபள்ளம்
18 ஜனவரி 2026

அக்கா,

இந்தக் கடிதத்தை மூன்று முறை எழுதிக் கிழித்தேன்.

எழுதியது நான்தான்.

முதலில் ஒழுங்காகத்தான் எழுதினேன். வீடு கட்டியது, ஆடு வளர்த்தது, தையல் படித்தது. ரிஜின் சார் படிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு, “இதுல உயிர் இல்ல ஆர்த்தி. மனசைத் தொடுற மாதிரி ஒண்ணும் இல்லையா?” என்றார். எனக்கு அந்தத் தண்டு ஞாபகம் வந்தது. கூச்சமாகத்தான் இருந்தது. பெயர் போடாவிட்டால் யாருக்குத் தெரியும் என்று என்னையே சமாதானப்படுத்திக்கொண்டேன். பிறகு ஆபீஸில் அதை மலையாளத்தில் மாற்றிப் பெயரும் போட்டோவும் சேர்த்தார்கள், அச்சுக்குப் போகும் முன் என்னிடம் காட்டினார்கள். சரி என்று கையெழுத்துப் போட்டேன். அவர் கண் கலங்கி, இவ்வளவு நன்றாக எழுதுவாய் என்று தெரியாது என்றார். அடுத்த வாரம் என்னை நிரந்தரமாக்கினார்கள். நான் சந்தோஷமாக இருந்தேன் அக்கா. விழாவில் மைக்குக்குப் பக்கத்தில்தான் நின்றேன். விருந்தாளிகள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். உங்களைப் பார்க்கவே இல்லை.

ரிஜின் சாரிடம் சண்டை போட்டேன் என்று எழுதினேனே, அதுவும் பொய். ஒரு வார்த்தை பேசவில்லை.

உங்கள் கடிதம் வந்த பிறகு எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. போன ஞாயிற்றுக்கிழமை நம் பக்கத்துப் பெண்கள் கூடும் அயல்கூட்டத்தில் இருபத்திரண்டு பேரும் இருந்தார்கள். எழுந்து சொல்லிவிட்டேன். பதினேழாம் பக்கத்தை எழுதியவள் நான், அழகுத்தாய் அக்காவிடம் கேட்கவில்லை என்று. அதோடு நிற்கவில்லை. சின்ன வயதில் அம்மாவோடு குமளியில் கல்யாண மண்டபங்களின் பின்வாசலில் தூக்குவாளியோடு நின்றவள் நான், மிச்சச் சோற்றில்தான் வளர்ந்தேன், ஒருநாள் என் வகுப்பு டீச்சர் வீட்டுக் கல்யாணத்திலேயே நின்றேன் என்றெல்லாம் சொன்னேன். நீங்கள் பட்டதை நானும் பட வேண்டும் என்று தோன்றியது.

ஜெகன் கோபப்படவில்லை. “எங்கிட்ட ஏன் சொல்லல?” என்று மட்டும் கேட்டார். மாமியார் பேசுவதில்லை. அம்மாவுக்கு யாரோ போன் செய்து சொல்லிவிட்டார்கள். அம்மா சித்திரபுரத்திலிருந்து பஸ் பிடித்து வந்து, உட்காரக்கூட இல்லாமல், “ஒன்ன படிக்க வச்சது, நாலு பேரு மத்தியில என் சேலைய உருவுறதுக்காடி?” என்று கேட்டுவிட்டு அடுத்த பஸ்ஸிலேயே போய்விட்டார்கள்.

மன்னிப்புக் கேட்க எனக்கு முகம் இல்லை. உண்மையைச் சொல்ல வேண்டும் என்றுதான் எழுதினேன்.

ஆர்த்தி


கோபாலபுரம்
2 பிப்ரவரி 2026

ஆர்த்தி,

உன் கடிதத்தைப் படித்தேன்.

பொய்யை ஒத்துக்கொண்டாய். அது சரி. ஆனால் மறுபடியும் அதையே செய்திருக்கிறாய், தெரிகிறதா? அந்தப் பின்வாசலில் நீ மட்டுமா நின்றாய்? வாளியைப் பிடித்தது உன் அம்மா. நீ எட்டு வயதுப் பிள்ளை, உன்னை யார் குறை சொல்லப் போகிறார்கள்? உன் பாரத்தை இறக்கி வைக்க அவளைக் கூட்டத்தில் நிற்க வைத்துவிட்டாய். அவளிடம் கேட்டாயா? போய்க் காலில் விழு. எனக்கு எழுதிக்கொண்டிருக்காதே, முதலில் அங்கே போ.

எனக்கு இப்போது உன்னிடம் ஒரு காரியம் ஆக வேண்டியிருக்கிறது. கோபம் தீர்ந்துவிட்டது என்று நினைக்காதே.

இந்தத் தோட்டத்துக் கடைசியில் பழைய மோட்டார் ரூம் இருக்கிறது. அதில் பொன்னாத்தாள் என்று ஒருத்தி இரண்டு பெண் பிள்ளைகளோடு இருக்கிறாள். புருஷன் தென்னையிலிருந்து விழுந்து செத்துப்போனான். ரேஷன் கார்டு மாமியார் வீட்டில். பெயரைப் பிரித்துத் தர மாட்டேன் என்கிறார்களாம். மருதாத்தாளம்மா நல்லவர்தான். “ஊட்டுல மிஞ்சறதக் குடுக்கறோமுல்ல, வேறென்ன பண்றது” என்கிறார். மிஞ்சாத நாளில் அந்தப் பிள்ளைகள் என்ன செய்கிறார்கள் என்று எனக்குத் தெரியும். கேட்கத் தேவையில்லை. பெரியவள் நேற்று என் அடுப்பையே பார்த்துக்கொண்டு, “பசிக்கலீங்க” என்றாள். நான் பசிக்கிறதா என்று கேட்கவே இல்லை.

இவளுக்கு எங்கே போய் என்ன எழுதிக் கொடுக்க வேண்டும்? உனக்குத் தெரியும். வரிசையாக எழுது.

அழகுத்தாய்


சக்குபள்ளம்
10 பிப்ரவரி 2026

அன்புள்ள அக்கா,

முதலில் ரேஷன் கார்டு. அது இல்லாமல் எதுவும் நகராது. மாமியார் சம்மதம் கிடைக்காவிட்டால், தனியாக வசிக்கிறாள் என்று வார்டு மெம்பரிடம் ஒரு கடிதம் வாங்குங்கள். புருஷனின் மரணச் சான்று, மூன்று பேரின் ஆதார் வேண்டும். அந்த ஊரும் எல்லைக்கு மலையாளப் பக்கம்தான், அதனால் அக்ஷயா என்கிற கம்ப்யூட்டர் சேவை மையத்தில் விண்ணப்பம் போடலாம். பிறகு பஞ்சாயத்தில் மனு கொடுத்தால் வார்டுத் தொண்டர் வீட்டைப் பார்க்க வருவார். விண்ணப்பத்தைச் சிவசங்கரி மலையாளத்தில் நிரப்பலாம். அவள் எழுத்து அழகாக இருக்கும்.

தொண்டர் வரும்போது நீங்கள் பக்கத்தில் இருங்கள் அக்கா.

சித்திரபுரம் போனேன். அம்மா கதவைத் திறந்தார்கள். சாப்பாடு போட்டார்கள். பேசவில்லை. அடுத்த ஞாயிறும் போவேன்.

புத்தகத்திலிருந்து அந்தப் பக்கத்தை எடுக்கச் சொல்லி எழுதிக் கொடுத்தேன். ஆபீஸில் மிச்சம் இருந்த பிரதிகளில் கிழித்துவிட்டார்கள். வெளியே போனவை போனவைதான். அதற்கு என்னால் ஒன்றும் செய்ய முடியவில்லை.

ஆர்த்தி


கோபாலபுரம்
11 மார்ச் 2026

ஆர்த்திக்கு,

பொன்னாத்தாளுக்குக் கார்டு வந்துவிட்டது. மஞ்சள் கார்டு, ரொம்ப ஏழைகளுக்குக் கொடுப்பது. நேற்றுதான் முதல் தடவையாக அரிசி வாங்கினாள். வாங்கிக்கொண்டு வரும்போது பையை ஒரு பக்கமாக ஒளித்துக்கொண்டு வந்தாள். நிமிர்ந்து நட என்று சொன்னேன். எனக்கே அது வந்ததில்லை, அவளுக்குச் சொன்னேன்.

வீட்டைப் பார்க்க செல்வப்பிரியா என்று ஒரு பெண் வந்தாள். உன் வயதுகூட இருக்காது. நல்ல பிள்ளை. செருப்பை வெளியே கழற்றிவிட்டு உள்ளே வந்தாள். நோட்டைத் திறந்து, “கடைசியா எப்பங்க பட்டினி கெடந்தீங்க? அப்ப புள்ளைகளுக்கு என்ன பண்ணுனீங்க?” என்று கேட்டாள். பொன்னாத்தாள் முந்தானையைச் சுருட்டிக்கொண்டே இருந்தாள். அவள் உதடு பிரிவதைப் பார்த்தேன். சொல்லிவிடுவாள் போல இருந்தது.

நான் நடுவில் போனேன். “அதக் கேக்காத தாயி. அரிசிப் பானை அங்கன இருக்கு, தொறந்து பாரு. காலியா இருக்குன்னு எழுது. ரெண்டு பிள்ளைக இருக்குன்னு எழுது. இதுக்கு மேல என்ன வேணும் ஒங்களுக்கு?” என்றேன். குரல் பெரிதாகிவிட்டது. அந்தப் பெண் பயந்துவிட்டாள். பிறகு எழுந்து போய்ப் பானையைத் திறந்து பார்த்தாள். அடிவரை பார்த்தாள். திரும்பி வந்து, “சரிங்கக்கா” என்று சொல்லி அதை மட்டும் எழுதினாள். அதற்கே கார்டு கிடைத்தது, பார்த்தாயா.

நாங்கள் வருகிறோம். சிவசங்கரிக்குப் பரீட்சை இருபத்தேழாம் தேதி முடிகிறது. மறுநாள் காலை பொள்ளாச்சி பஸ் ஏறுவோம். அந்த வீடு எனக்குக் கிடைக்க வேண்டியதுதான். கூச்சப்பட்டு அதை விட்டுவிட்டால் என் மகள் மறுபடியும் ஒழுகுகிற கூரைக்குக் கீழேதான் படுக்க வேண்டும். யாரும் வரவேற்க வர வேண்டாம், போட்டோ வேண்டாம். ரிஜின் சாரின் மன்னிப்புக் கடிதமும் வேண்டாம். பின்சியை நான் தனியாகப் போய்ப் பார்ப்பேன், நீ கூட வராதே. ஆடுகளை மட்டும் ஓட்டி வந்து விடு. குட்டிகளில் ஒன்றை ஜெகன் தம்பி வைத்துக்கொள்ளட்டும்.

பத்தாம் வகுப்புக்கு அந்தப் பள்ளிக்கே போவாளா, வேறு பள்ளியா என்று சிவசங்கரி இன்னும் சொல்லவில்லை. அவளே முடிவு செய்யட்டும்.

செல்வப்பிரியா வந்த அன்று சிவசங்கரியும் மோட்டார் ரூமில்தான் இருந்தாள், தான் எழுதிக் கொடுத்த விண்ணப்பத்தின் நகலோடு. நான் கத்தியதையெல்லாம் கேட்டாள். சாயங்காலம் சாப்பிட உட்கார்ந்தோம். இந்த நாலு மாதத்தில் முதல் தடவையாக அவளாகவே பேசினாள்.

“அன்னைக்கு நீ தின்னியாம்மா?”

எதைக் கேட்கிறாள் என்று எனக்குத் தெரிந்தது. தின்றேன் என்றேன்.

“எத்தன துண்டு?”

நான் அவித்தது மொத்தம் இரண்டே கிழங்கு. காய்ச்சல் விட்ட பசியில் அவள் எல்லாவற்றையும் தின்றுவிட்டு, இன்னும் இருக்கா என்று கேட்டாள். அவித்த தண்ணீரை உப்புப் போட்டு நான் குடித்தேன். இதையெல்லாம் அவளிடம் சொல்லவில்லை. மூன்று துண்டு என்றேன். அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு தன் தட்டிலிருந்து சோற்றை அள்ளி என் தட்டில் வைத்தாள். வைத்துக்கொண்டே இருந்தாள். போதும் என்று சொன்னேன். கேட்கவில்லை.

அந்தத் தண்ணீர் விஷயத்தை அன்றைக்கு உன்னிடம்கூட நான் சொல்லவில்லை. இப்போது சொல்கிறேன். உன்னிடம் மட்டும்.

உன் அக்கா
அழகுத்தாய்